நான்காவது சுற்றில் ஒரு தட்டு குறைவு

இன்று போடி பஸ்ஸில் யாரோ என் காலடியில் வேப்பம்புண்ணாக்கு மூட்டையை வைத்துவிட்டார்கள். தேனியிலிருந்து இறங்கும்வரை அந்த வாடைதான். உன் உரக்கடையில் அதே வாடைக்கு நடுவில்தான் அந்த இங்கிலீஷ் ராக் கேசட்டைக் கேட்போம். முதல் பாட்டே ஒரு பக்கம் முழுக்க ஓடும். பாடுகிறவன் பாதி நேரம் வாயே திறக்க மாட்டான். "ஸ்டேஷன் கிடைக்கலையாய்யா?" என்று உரம் வாங்க வந்தவர்கள் பாவம்போல் கேட்பார்கள். நீ யூரியா மூட்டையின் மேல் விரலால் தட்டி எண்ணிக்கொண்டிருப்பாய்.

இணையக் கலைக்களஞ்சியத்தில் அந்த ஆல்பத்தைப் பற்றி நாலே வரி இருந்ததை உனக்குக் காட்டியது நான்தான். யார் வேண்டுமானாலும் திருத்தலாம் என்று சொன்னதும் உனக்குக் கால் தரையில் பாவவில்லை. ஞாயிறு ஆராதனையில் கீபோர்டு வாசித்து முடித்த கையோடு தேனிக்கு பஸ் ஏறிவிடுவாய். பிரவுசிங் சென்டரில் ஒரே நாற்காலியில் ஆளுக்குப் பாதியாக உட்கார்ந்து எழுதினோம். காது உன்னுடையது, இங்கிலீஷ் என்னுடையது.

மூன்றாவது பாட்டுக்கு வந்தபோது சொன்னாய்: "மாப்ள, ஏழு ஏழு தட்டாப் போறான். நாலாவது சுத்துல பாரு, ஆறுதான் வருது. டிரம்ஸ்காரன் அங்கன தவறிட்டான். மத்தவய்ங்க சமாளிச்சுச் சேந்துக்கிட்டாய்ங்க."

"அம்புட்டுப் பெரிய ஆளு தவறுவானா?"

"நான் வாரா வாரம் தவறுறேன். எனக்குத் தெரியாதா?"

எழுதினோம். அந்தக் கட்டுரையில் முழுக்க உன்னுடையது அந்த ஒரு வரிதான். மற்றதெல்லாம் பழைய பத்திரிகைகளில் நான் தேடி எடுத்தவை.

நாலு வரி நாலு பக்கமாக வளர்ந்ததும் 'நல்ல கட்டுரை' என்ற முத்திரைக்கு விண்ணப்பித்தேன். சரிபார்க்க வந்த ஆள், அவன் எந்த ஊரோ என்ன பேரோ, உன் வரியைச் சுட்டி, இதைச் சொன்னது யார் என்று கேட்டான். "எங்காது சொல்லுதுன்னு போடு" என்றாய். புத்தகமோ பேட்டியோ இருந்தால்தான் செல்லும், காது ஆதாரமாகாது என்று உனக்கு விளக்கினேன். விளக்கினேன் என்பது கௌரவமான சொல். எனக்கு முத்திரை வேண்டியிருந்தது. அடுத்த ஞாயிறு நீ வருவதற்கு முன்பே அந்த வரியை எடுத்துவிட்டு, காரணம் கேட்ட கட்டத்தில் 'ஆதாரமில்லை' என்று எழுதினேன்.

நீ வந்து திரையைப் பார்த்தாய். "சரி மாப்ள, நல்லாருக்கு" என்றாய். அதற்குப் பிறகு ஞாயிற்றுக்கிழமைகளில் உனக்கு எப்போதும் ஏதாவது வேலை இருந்தது. நானும் வற்புறுத்தவில்லை. முத்திரை கிடைத்தது. அடுத்த வருடம் மாரடைப்பில் நீ போய்விட்டாய்.

போன மாதம் கட்டுரையைத் திறந்தால் உன் வரி திரும்ப வந்திருக்கிறது. யாரோ சேர்த்திருக்கிறார்கள். அந்த டிரம்ஸ்காரர் வயதான காலத்தில் ஒரு பேட்டி கொடுத்தாராம்: நான்காவது சுற்றில் ஒரு தட்டு விட்டுப்போனது, மற்றவர்கள் சேர்ந்துகொண்டார்கள், அப்படியே வைத்துக்கொண்டோம். கீழே பத்திரிகையின் பெயர், பக்க எண் எல்லாம் இருக்கிறது. போடியில் ஓர் உரக்கடைக்காரர் இதை அந்தப் பேட்டிக்கு மூன்று வருடம் முன்பே கேட்டுச் சொன்னார் என்று நான் அடிக்குறிப்பு ஒன்று போட்டேன். இரண்டு நாளில் எடுத்துவிட்டார்கள். ஆதாரமில்லையாம். எனக்குக் கோபம்கூட வரவில்லை, அலுப்பாக இருந்தது. விதிப்படி அவர்கள் செய்தது சரி.

இதைச் சொல்லத்தான் இன்று பஸ் ஏறினேன். உன் மனைவி, எனக்குத் தங்கச்சி முறை, அதுதான் இப்போது கடையைப் பார்த்துக்கொள்கிறது. "உம் புருஷன் சொன்னது சரிதான்னு அச்சுல வந்துருச்சும்மா" என்றேன். தங்கச்சி மருந்து டப்பாக்களை அடுக்குவதை நிறுத்தவில்லை.

"வெள்ளக்காரன் நம்பாட்டிப் போறான், இவன் நம்புனானான்னுதான் தெரியலன்னு சொல்லிக்கிட்டே இருந்தாக. நீங்க நம்புனீகளாண்ணே?"

"நம்பினேம்மா" என்றேன்.

உன்னிடமாவது உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நம்பவில்லை. நீ அத்தனை தடவை ஓட்டிக் காட்டியும், கூடவே தலையாட்டினேனே தவிர ஒருநாளும் எண்ணிப் பார்க்கவில்லை. போன மாதத்திலிருந்துதான் எண்ணுகிறேன். இரண்டாவது சுற்று வரை வருகிறது. அதற்கு மேல் எனக்கு விட்டுப்போகிறது.