ஏழு படியில் அடங்காத சீனா

செப். 20, சனி. காலையில் தூறல்.

மனைவி கல்யாணிக்குக் கையில் மாவுக்கட்டு. இந்த வருடம் கொலு என் தலையில். தேவை: பலகை, பிளாஸ்டிக் பெட்டிகள் (பேஸ்மென்டில் உண்டு), வெள்ளை வேட்டி நான்கு, சேஃப்டி பின்.

தீம் சீன அரச வம்சங்கள். என் யோசனைதான். அடுத்த சனிக்கிழமை லின்னின் அம்மா முதல்முறையாக வருகிறார். லின்னைத்தான் கட்டுவேன் என்று மகன் கார்த்திக் சொல்லி எட்டு மாதம். எங்களுக்குச் சம்மதம். அந்த அம்மா மட்டும் சரி என்றும் சொல்லவில்லை, வேண்டாம் என்றும் சொல்லவில்லை. "அவங்க வீட்டைப் பாக்குறேன்" என்றாராம். கணவர் தவறிவிட்டார், ஒரே பெண். யோசிக்க மாட்டாரா?

கார்த்திக்: "அப்பா, ப்ளீஸ், ஓவரா பண்ணாதீங்க." சரிடா என்றேன். லைப்ரரியிலிருந்து ஐந்து புத்தகம் எடுத்து வந்ததைச் சொல்லவில்லை.

செப். 21, ஞாயிறு. அமாவாசை. வெயில், நல்ல காற்று.

மதியம் வரை படி கட்டும் வேலை. இடுப்பு போச்சு.

சிக்கல். மேல் படி கலசத்துக்கும் சாமிக்கும். அதன் கீழ் சின், ஹான், டாங், சோங், யுவான், மிங், சிங். ஏழு வம்சம். மொத்தம் எட்டுப் படி.

"எட்டா? ரெட்டைப்படையில யாராவது கொலு வெப்பாங்களா?" சோபாவிலிருந்து கல்யாணி.

"ஒன்பது வெச்சா ஃபேன்ல இடிக்கும்."

"அப்ப ஏழு. ஒரு ராஜாவைத் தூக்குங்க."

தூக்கினேன், சின் வம்சத்தை. மொத்தமே பதினைந்து வருட ஆட்சி. பார்சிப்பனி ஆபீசில் நான் அதைவிட அதிக வருடம் குப்பை கொட்டியிருக்கிறேன். மனசாட்சி ஒன்றும் உறுத்தவில்லை.

கல்யாண செட்டுக்கும் இடமில்லை. மாப்பிள்ளை, பெண், நாயனக்காரர், எல்லோரும் பெட்டிக்குள்ளேயே. கல்யாணிக்கு அதில் கொஞ்சம் வருத்தம்.

செப். 23, செவ்வாய். மேகமூட்டம்.

வீட்டிலிருந்தே வேலை. மீட்டிங்கில் மைக்கை மியூட் செய்துவிட்டுக் கொலு.

டாங் படியில் பட்டுப்பாதை வியாபாரியாக நம் செட்டியார் பொம்மை, பருப்பு அரிசியோடு. பக்கத்தில் ஒட்டகம். மிங் படியில் கார்த்திக்கின் பழைய ஒட்டகச்சிவிங்கி. மிங் ராஜாவுக்கு நிஜமாகவே ஒன்று பரிசாக வந்ததாம். யுவானுக்குக் குதிரைகள். சிங்குக்கு நீளப் பின்னல் போட்ட ஒரு பொம்மை.

ஒவ்வொரு படிக்கும் ஒரு அட்டை, எப்படி எழுந்தது, எப்படி விழுந்தது என்று. நாலாவது அட்டைக்கே கை தானாக எழுதுகிறது. நல்ல ராஜா, நிறைந்த களஞ்சியம், பிறகு அரண்மனைச் சண்டை, வெள்ளம், பஞ்சம், கலகம். இரண்டாயிரம் வருடமாக ஏறக்குறைய ஒரே கதை. ஆனாலும் ஒவ்வொரு முதல் ராஜாவும் தன் வீடு மட்டும் விழாது என்றே நம்பியிருக்கிறான். அவனைப் பார்த்துச் சிரிக்க எனக்கு யோக்கியதை இல்லை. முப்பது வருட வீட்டுக்கடன் வாங்கியவன் நான்.

சுண்டல்: கொண்டைக்கடலை. உப்பு தூக்கல்.

செப். 27, சனி. பளிச்சென்று வெயில்.

வந்தார்கள். லின்னின் அம்மா சின்ன உருவம், அளந்து பேச்சு. பேசியது எல்லாம் ஆங்கிலத்தில், இங்கே என் தமிழில்.

இரண்டு கையாலும் ஒரு பெட்டி கொடுத்தார். "பொம்மை வெப்பீங்கன்னு கார்த்திக் சொன்னான். எங்க ஊர் பொம்மை." திறந்தேன். ஐந்து களிமண் சிப்பாய்கள், விரல் நீளம். அவர் ஊர் ஷியான். சின் ராஜாவின் கல்லறையைக் காவல் காத்த அதே மண் படை. நான் தூக்கிய சின்.

அவர் விரலால் படிகளை எண்ணினார். மேலிருந்து கீழ், மறுபடி கீழிருந்து மேல். "சின் எங்கே?"

ஒற்றைப்படைக் கணக்கைச் சொன்னேன். ஃபேனைக் காட்டினேன். நிமிர்ந்து ஃபேனைப் பார்த்தார், சிரிக்கவில்லை. நான் வாயை மூடிக்கொண்டிருந்திருக்கலாம். "பதினைந்து வருஷம்தானே இருந்தாங்க" என்றேன்.

"நானும் என் வீட்டுக்காரரும் வாழ்ந்ததும் பதினஞ்சு வருஷம்தான்."

வெடுக்கென்று இல்லை, சாதாரணமாகத்தான் சொன்னார். முகத்தை எங்கே வைத்துக்கொள்வது என்று எனக்குத் தெரியவில்லை. கார்த்திக் கார்ப்பெட்டைப் பார்த்தான். சாரி என்றேன், இரண்டு முறை.

"இன்னொரு படி சேக்க முடியாதா?" லின்.

"வெச்ச கொலுவை விஜயதசமி வரைக்கும் கலைக்கக் கூடாதும்மா." கல்யாணி, மெதுவாக.

அந்த அம்மா மெல்லக் கார்ப்பெட்டில் உட்கார்ந்தார். ஐந்து சிப்பாய்களையும் கடைசிப் படிக்கு முன்னால் தரையில் வரிசையாக நிறுத்தினார், முகம் வாசலைப் பார்க்க. "ரெண்டாயிரம் வருஷம் மண்ணுக்கு அடியிலதான் நின்னாங்க. தரை இவங்களுக்குப் பழக்கம்தான்."

முதலில் சிரித்தது கல்யாணி. பிறகு அவர். அப்புறம்தான் எனக்கு மூச்சு வந்தது.

பட்டாணிச் சுண்டல் இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டார். செட்டியாரைக் காட்டி யார் என்று கேட்டார். மளிகைக்கடைக்காரர் என்றேன், எடை சரியாகப் போடுவாரா என்றார். கல்யாணி உள்ளே கூப்பிட்டுப் போய்க் கல்யாண செட்டைத் திறந்து காட்டினாள். இரண்டு பேரும் வெகுநேரம் வெளியே வரவில்லை. கிளம்பும்போது வெற்றிலை பாக்கு, ரவிக்கைத் துணி. கல்யாணப் பேச்சு மட்டும் எடுக்கவே இல்லை.

செப். 29, திங்கள். மழை.

ஃபோன் இல்லை. சின் அட்டையை எழுதிச் சிப்பாய்கள் முன் வைத்தேன். வருடக் கணக்கைப் போடவில்லை. 'முதலில் நாட்டை ஒன்றாக்கியவர்கள்' என்று மட்டும்.

அக். 2, வியாழன். விஜயதசமி. இளங்குளிர்.

சாயந்திரம் ஆரத்தி. மரப்பாச்சி ஜோடியைப் படுக்க வைத்தேன். ஆறு சாம்ராஜ்யமும் முடிந்தது, கலகம் இல்லாமல். சிப்பாய்களை மட்டும் இன்னும் எடுக்க மனம் வரவில்லை.

லின்னின் அம்மா இப்போதுதான் ஃபோன், கல்யாணிக்கு. ஸ்பீக்கரில் போட்டாள்.

"அந்த ஃபேனைக் கழட்ட முடியுமா?"

எதற்கு என்று கேட்டேன்.

"அடுத்த வருஷம் ஒன்பது படி. கலசம் ஒண்ணு, வம்சம் ஏழு."

"எட்டுதானே ஆச்சு?"

"ஒன்பதாவது உங்க கல்யாண செட்டுக்கு. பொண்ணுக்கு மட்டும் சிவப்புப் புடவை கட்டுங்க. எங்க பக்கம் கல்யாணத்துக்குச் சிவப்புதான்."

கல்யாணி அழுகிறாள், சிரிக்கிறாள். நாளைக்கு: ஏணி, ஸ்க்ரூடிரைவர்.