இரண்டு பிள்ளைக்கு ஒரு பத்திரம்

ஹார்லோ கவுண்டி,
கென்டக்கி, அமெரிக்கா.
14 மார்ச் 1976

அன்புள்ள அக்காவுக்கு,

தங்கை திலகம் எழுதுவது. நானும் வாரனும் பிள்ளைகளும் சுகம். உன் வீட்டுக்காரர் கந்தசாமி மாமா காலமான பிறகு நீ எழுதிய இரண்டு கடிதத்திலும் "வேலைக்குப் போனேன், நவமணி பள்ளிக்குப் போனாள்" என்பதற்கு மேல் ஒன்றும் இல்லை. கோபமா, களைப்பா? எதுவானாலும் நாலு வரி திட்டியாவது எழுது.

இங்கே அமெரிக்காவுக்கு இருநூறு வயது என்று ஊரே அமளிப்படுகிறது. எங்கள் கவுண்டி, அதாவது நம் ஊர் ஜில்லா மாதிரி, ஒரு சரித்திரப் புத்தகம் போடுகிறது. யார் ஷெரிப்பாக இருந்தார், யார் ஜட்ஜ் பதவிக்கு ஓட்டில் ஜெயித்தார், எந்தக் குடும்பம் எந்தக் கட்சி, எல்லாம் வரும். வாரன் குடும்பத்துக்குப் பத்துப் பக்கம். எழுதுவது என் மாமியார். நூறு வருஷத்துக்கு முன் வடக்கும் தெற்கும் சண்டை போட்டபோது இந்த வீட்டு அண்ணன் ஒரு படையில், தம்பி எதிர்ப் படையில். தகப்பனார் கோபத்தில் குடும்ப பைபிளில் தம்பியின் பெயரை மை போட்டு அடித்துவிட்டார். அந்தப் பெயரைப் புத்தகத்தில் திரும்ப எழுதப் போகிறேன் என்று சொல்லும்போது மாமியாருக்குக் கண் கலங்குகிறது.

மருமகளுக்கும் அரைப் பக்கம் ஒதுக்கியிருக்கிறார். "உன் முன்னோர்?" என்று பேனாவோடு உட்கார்ந்தார். அப்பா, தாத்தாவுக்கு மேல் எனக்கு ஒன்றும் தெரியவில்லை. வெட்கமாகிவிட்டது. உனக்குத் தெரிந்ததை எழுதேன்.

உன்னைத் தேடும்
திலகம்


மேல் டிவிசன், ஹெதர்லி தேயிலைத் தோட்டம்,
கேமரன் மலை, மலேசியா.
2 மே 1976

அன்புத் தங்கச்சி திலகத்துக்கு,

கோபமும் இல்லை, களைப்பும் இல்லை. கொழுந்து அதிகம். விடிந்ததிலிருந்து கூடையோடு நின்றால் கடிதத்துக்குக் கை எங்கே மிஞ்சுகிறது?

உன் மாமியாருக்குப் பத்துப் பக்கம் முன்னோர். நமக்கு அரைப் பக்கமே அதிகம். தாத்தா கருப்பையா கங்காணியோடு கப்பலேறி வந்தவர். எந்த ஊர் என்று கேட்டால் "நாமக்கல் பக்கம்" என்பார். கள் உள்ளே போனால் "துறையூர் பக்கம்" என்பார். அவருடைய அப்பன் பெயர் கங்காணிக்குத்தான் தெரியும், கங்காணி செத்து நாற்பது வருஷம். அப்பா முனியாண்டியும் அம்மா மணியம்மாவும் இந்தத் தோட்டத்துப் பிறப்பு. அரசியல் வேண்டுமென்றால் அப்பா யூனியன் கமிட்டியில் இருந்ததை எழுது. அரிசிக்காக ஆபீஸ் வாசலில் எல்லாரையும் உட்காரவைத்துவிட்டு, துரை வந்து நின்றதும் அப்பாவுக்கே நாக்கு ஒட்டிக்கொண்டது. அம்மாதான் பின்னாலிருந்து, "புழு இல்லாத அரிசி குடுங்க தொரை, வேறொண்ணும் வேணாம்" என்று சத்தம் போட்டது. அதையும் எழுது, உன் மாமியார் சிரிக்கட்டும்.

இப்போது என் காரியம். நவமணி போன வாரம் கேட்டாள், "ஏம்மா எல்லாருக்கும் நீல ஐ.சி., ஒனக்கு மட்டும் செவப்பு?" அவளுக்குச் சொன்னதையே உனக்கும் சொல்கிறேன், சரியா என்று பார். அம்சவல்லி ஆகிய நான் பிறந்தபோது அப்பா பிறப்புப் பத்திரம் எடுத்தார். நீ பிறந்தது கம்யூனிஸ்ட் கலவரத்தில், ரோட்டில் கம்பி வேலி. யாரும் டவுனுக்குப் போகவில்லை, உனக்குப் பத்திரம் இல்லை. 1959-இல் உனக்கு இங்கிலீஷ் பள்ளியில் இடம் கிடைத்தது, பத்திரம் கேட்டார்கள். அதே வருஷம் எனக்குப் பன்னிரண்டு வயது, ஐ.சி. என்கிற அடையாள அட்டைக்குப் பத்திரம் கேட்டார்கள். "படிக்கிற புள்ளைக்குக் குடுத்துருவோம்" என்றார் அப்பா. டிரங்குப் பெட்டியைத் திறந்து எடுத்துக் கொடுத்தது நான்தான். நீ அம்சவல்லியாகப் பள்ளிக்குப் போனாய். நான் திலகமாக வரிசையில் நின்றேன். பத்திரம் இல்லாததால் தோட்டத்து ஆபீசில் கணக்கெழுதும் பழைய கிராணி "பிறந்த ஊர் இந்தியா" என்று எழுதிக் கொடுத்தார். இந்தியாவை நான் படத்தில்கூடப் பார்த்ததில்லை!

விஷயம் இதுதான். குடியுரிமை உள்ளவர்களுக்கு நீலம், இல்லாதவர்களுக்குச் சிவப்பு; சிவப்புக் கார்டுக்கு வருஷா வருஷம் வேலை பெர்மிட் எடுக்க வேண்டும். இனிமேல் அது கஷ்டம் என்று புதுக் கிராணி சிவசாமி சொல்கிறார். பெர்மிட் இல்லாவிட்டால் வேலை இல்லை, வேலை இல்லாவிட்டால் தோட்டம் கொடுத்த லயத்து வீடும் இல்லை. குடியுரிமைக்கு மனுப் போட்டேன். டவுன் ஆபீசில், "அம்சவல்லி நீல ஐ.சி. எடுத்து, பாஸ்போர்ட் எடுத்து, நர்ஸ் படிக்க இங்கிலாந்து போயாச்சுலா. நீங்க யாரும்மா?" என்று கேட்டார்கள். நீ ஒரு வக்கீல் முன்னால், "நான்தான் இளையவள், பத்திரம் அக்காவுடையது" என்று எழுதிக் கையெழுத்துப் போட்டு அனுப்பினால் போதுமாம். சிரமம் என்றால் சொல்லாதே, செய்துவிடு.

அக்கா
அம்சவல்லி


ஹார்லோ கவுண்டி,
9 ஜனவரி 1977

அன்புள்ள அக்கா,

எட்டு மாதமாகப் பதில் எழுதவில்லை. மூன்று தடவை எழுதிக் கிழித்தேன்.

வாரன் இந்த நவம்பரில் கவுண்டி ஜட்ஜ் பதவிக்கு நிற்கிறார். அவர் தாத்தா இருந்த நாற்காலி. நான் கறுப்பாக இருப்பதையே சிலர் பேசுகிறார்கள். நான் இங்கே குடியுரிமை வாங்கியது அம்சவல்லி என்ற பெயரில். "அது என் பெயர் இல்லை" என்று கையெழுத்துப் போட்டால், பொய் சொல்லி வாங்கியதாக ஆகும். விசாரித்தேன், யார் என்று சொல்லாமல் ஒரு வக்கீலிடம். எல்லாவற்றையும் பிடுங்கலாம், திருப்பி அனுப்பலாம் என்றார். வாரனுக்கு இது எதுவும் தெரியாது. பதினோரு வருஷமாக என்னை "அம்சா" என்று கூப்பிடுகிறார். அவரிடம் எப்படி ஆரம்பிப்பது?

என்னால் முடியவில்லை அக்கா. வெட்கமாக இருக்கிறது. வேறு என்ன வேண்டுமானாலும் கேள்.

திலகம்


மேல் டிவிசன்,
20 பிப்ரவரி 1977

அன்புத் தங்கச்சிக்கு,

கடிதம் கிடைத்த அன்று உன்மேல் கோபத்தில் அரைக் கூடைக் கொழுந்தை முற்றல் இலையாகப் பறித்து மேற்பார்வை பார்க்கும் மண்டோரிடம் வாங்கிக் கட்டிக்கொண்டேன். மறுநாள் கோபம் இறங்கிவிட்டது. உனக்குப் பிள்ளைகள் இருக்கிறார்கள். நான் கையெழுத்தைக் கேட்கவில்லை, விடு.

சாட்சி சொல்ல அப்பா அம்மா இல்லையே. நம் இருவருக்கும் பிரசவம் பார்த்த வேலம்மா ஆயா கோலா தெர்லாவில் மகனோடு இருப்பதாகக் கேள்விப்பட்டு, கோஸ் ஏற்றும் லாரியில் போய் அழைத்து வந்தேன். ஆபீசில் நின்று, "ரெண்டு பொட்டப் புள்ளையும் என் கையிலதான் விழுந்துச்சு, மூத்தது இது" என்று சத்தியம் செய்தது. கைநாட்டும் வைத்தது. அதிகாரி நல்ல மனுஷன்தான். "பாட்டி சொல்றத நான் நம்புறேன். ஆனா அச்சுல இருக்கணும்மா, அச்சுல ஒண்ணு கொண்டாங்க" என்றார்.

அப்போதுதான் உன் மாமியார் புத்தகம் ஞாபகம் வந்தது. அதில் உன் பெயரை அம்சவல்லி என்றே போடட்டும், எனக்கு ஆட்சேபம் இல்லை. "முனியாண்டிக்குத் தோட்டத்தில் பிறந்த பெண்கள் இருவர்" என்று ஒரு வரி. என்னைத் திலகம் என்று போடு. அம்சவல்லியாக ஆக முடியாவிட்டாலும், இங்கே பிறந்த திலகமாக இருந்துவிட்டுப் போகிறேன். சிவசாமி கிராணி, "அமெரிக்கா சர்க்கார் முத்திரை போட்ட புக்குன்னா கண்டிப்பா பாப்பாங்கம்மா" என்கிறார். ஒரு வரி எழுதினால் உனக்கு ஆபத்து வராதே?

மாப்பிள்ளை ஜெயிக்க முருகனுக்கு வேண்டிக்கொண்டேன். ஜட்ஜ் என்றால் உங்கள் ஊரில் தேர்தலில் நிற்பார்களா? வேடிக்கைதான்.

அக்கா


ஹார்லோ கவுண்டி,
30 அக்டோபர் 1978

அன்புள்ள அக்கா,

வாரன் ஜெயித்த செய்தி போன வருஷமே எழுதினேன். புத்தகம் இப்போதுதான் அச்சாகி வந்தது. தனிப் பார்சலில், கப்பலில் அனுப்பியிருக்கிறேன். பக்கம் 212. அந்த வரியைப் பற்றி மாமியாரிடம் பேச்செடுத்தேன், முடிக்கவில்லை. எழுத்து முழுக்க அவருடையது. நீ படிக்கும்போது என்னை நினைத்துக்கொள். நான் கோழை என்று உனக்குச் சின்ன வயதிலேயே தெரியும்.

நவமணிக்கு ஒரு ஸ்வெட்டர் வைத்திருக்கிறேன்.

திலகம்


திரிங்காப்,
18 ஏப்ரல் 1979

அன்புள்ள அம்சவல்லிக்கு,

பார்சல் பிப்ரவரியில் வந்தது. சிவசாமி கிராணி மாற்றலாகிப் போய்விட்டார். நவமணி பள்ளியில் இருந்தாள். அவள் வந்து படித்துச் சொல்லும்வரை எனக்குப் பொறுமை இல்லை. நல்ல சேலை கட்டிக்கொண்டு, புத்தகத்தை டவலில் சுற்றி, கிடைத்த லாரியில் ஏறி டவுன் ஆபீசுக்குப் போனேன். வரிசையில் நின்ற பெண்களிடமெல்லாம் அட்டையைக் காட்டினேன். பொன் எழுத்து.

அதிகாரி 212-ஐத் திருப்பிப் படித்தார். இன்னொரு தடவை படித்தார். அப்புறம் எனக்குத் தமிழில் சொன்னார். "ஜட்ஜ் வீட்டம்மா அம்சவல்லி. தேயிலைத் தோட்டத் தொழிலாளர் தலைவர் முனியாண்டியின் ஒரே மகள். கூடப்பிறந்தவங்க இல்ல." எழுதியதைப் படிக்க அவருக்கே கஷ்டமாக இருந்தது. "நீங்க கொண்டாந்த புக்கே சொல்லுதேம்மா. இத நான் பைல்ல வச்சுதான் ஆகணும்" என்றார். வேலம்மா ஆயாவின் கைநாட்டுக்கு மேலே அந்தப் பக்கத்தின் நகலை வைத்துக் குத்தினார். மனு தள்ளுபடி. பெர்மிட் மார்ச்சோடு முடிந்தது. லயத்து வீட்டைக் காலி செய்து கொடுத்தேன். மண்டோர் கதவைப் பூட்டும்போது அழுதார், பாவம், அவரால் என்ன ஆகும்?

இப்போது திரிங்காப்பில் ஒரு சீன முதலாளித் தவுக்கேயின் பூத்தோட்டத்தில் இருக்கிறேன். அவர் கார்டு கேட்கவில்லை. போலீஸ் ஜீப் வந்தால் சாமந்திக்கு நடுவில் குனிந்துகொள்ள வேண்டும், அவ்வளவுதான். தகரக் கொட்டகை. குளிருக்கு ஸ்வெட்டர் உதவுகிறது.

நவமணியை அந்தப் பத்துப் பக்கத்தையும் படித்துச் சொல்லச் சொன்னேன். பாதி புரியாமல் படித்தாள். எதிர்ப் படைக்குப் போன தம்பிக்காரன் பெயர் இருக்கிறது. பிறந்த நாள், மனைவி பெயர், எங்கே புதைத்தார்கள், எல்லாம். சொந்த அண்ணனைச் சுடப் போனவன். அடித்த பெயரையே திரும்ப எழுதியிருக்கிறார்கள். நான் யாரைச் சுடப் போனேன்? பெட்டியைத் திறந்து பத்திரத்தை எடுத்துக் கொடுத்தேன், அவ்வளவுதானே.

ஒன்றும் எழுதாமலாவது விட்டிருக்கலாம். "ஒரே மகள்" என்று யார் கேட்டார்கள்?

போன வாரம் உன் கந்தசாமி மாமாவின் தம்பி சுப்பன் வந்தான். அவன் மகளைப் பள்ளியில் சேர்க்கப் பத்திரம் இல்லையாம். "நவமணிது சும்மாதான அண்ணி கெடக்கு, ஒரு வருசத்துக்குக் குடுங்க" என்றான். நான் போட்ட கூச்சலில் தவுக்கே ஓடி வந்துவிட்டார். பத்திரத்தைத் துணியில் வைத்துத் தைத்து இடுப்பில் கட்டியிருக்கிறேன், குளிக்கும்போதும் அவிழ்ப்பதில்லை. சுப்பன் அழுதுகொண்டே போனான். அந்தப் பிள்ளையை நினைத்தால் எனக்கும் தூக்கம் வரவில்லை. ஆனாலும் கொடுக்க மாட்டேன்.

உன்மேல் சாபம் ஒன்றும் இல்லை. பிள்ளைகளோடு நன்றாக இரு. அந்தப் பெயரை நீயே வைத்துக்கொள், இனி நான் கேட்க மாட்டேன். எனக்குக் கடிதம் போட வேண்டாம். தபால் வந்தால் யார் பெயருக்கு என்று தவுக்கே கேட்பார்.

இப்படிக்கு,
திலகம்