கடைசி சீட்டு

மாப்ளே,

இன்று காலை எங்கள் பஸ் கம்பெனி ஆபீஸ் வாசலில், தூறலில் நனைந்த மட்டக்குதிரை ஒன்றை யாரோ கட்டிவிட்டுப் போனார்கள். சேணத்தின் ஈரத்தோல் வாடை டிக்கெட் ஜன்னல் வழியாக உள்ளே வந்ததும், நீதான் வந்துவிட்டாய் என்று எழுந்தே விட்டேன்.

குறிஞ்சி பூத்த வருஷம் நமக்குப் பதினைந்து வயது. வகுப்பே செண்பகனூருக்கு மேலே பூப் பார்க்கக் கிளம்பியது. இளம்பிள்ளைவாதத்தில் சூம்பிய என் காலைப் பார்த்துவிட்டு டிரில் மாஸ்டர், "நீ வந்தா எல்லாருக்கும் லேட்டாகும். பேசாம வீட்ல கெட" என்றார். எல்லோரும் சிரித்தார்கள். நீ மட்டும் எழுந்து வெளியே போனாய். ஏரிக்கரையில் உன் சித்தப்பா வாடகைக்கு விடும் குதிரையைச் சொல்லாமல் அவிழ்த்துக்கொண்டு என் வீட்டு வாசலுக்கு வந்தாய்.

"ஏறுலே. உனக்குத்தான் ஒரு காலு சரியில்ல, இதுக்கு நாலும் நல்லாத்தான் இருக்கு."

நீ ஏறவில்லை. சவாரிக்காரன் மேலே, குதிரைக்காரன் கீழே, அதுதான் முறை என்று கடிவாளத்தைப் பிடித்தபடி மலை முழுக்க நடந்தாய். ஏரியையே சுற்றிப் பழகிய குதிரை, பாதை பிரியும் இடத்திலெல்லாம் ஏரிப்பக்கமே கழுத்தைத் திருப்பியது. நீ அதைக் கெஞ்சிய கெஞ்சலை நினைத்தால் இன்றும் சிரிப்பு வருகிறது. மாஸ்டர் மூச்சிரைக்க மேலே வந்தபோது நாம் பூவுக்கு நடுவில் உட்கார்ந்து பேரிக்காய் தின்றுகொண்டிருந்தோம். "லேட்டாயிருச்சே சார்" என்றாயே, அதைவிட நல்ல பேச்சை நான் இதுவரை கேட்டதில்லை.

அந்த ஆள் சும்மா விடவில்லை. குதிரையைத் திருடினாய் என்று உன் சித்தப்பாவிடம் போய்ச் சொன்னார். சித்தப்பா உன்னை அடித்து, கன்னிவாடிப் பக்கம் தோட்ட வேலைக்கு அனுப்பிவிட்டார். அங்கே காய்ச்சலில் போய்விட்டாய். உன் துணிமூட்டைதான் மலையேறி வந்தது.

மாஸ்டர் இப்போது ரிட்டயர் ஆகிவிட்டார். முட்டிவலி வைத்தியத்துக்கு மாதாமாதம் மதுரை போகிறார். என்னை அடையாளம் தெரியவில்லை. ஜன்னலுக்குள் உட்கார்ந்திருப்பவனின் கால் வெளியே தெரியாது. என் முகத்தை அவர் என்றைக்குமே பார்த்ததில்லை.

"தம்பி, காலை மடக்க முடியல. முன்னாடி சீட்டாப் பாத்துக் குடுங்க" என்பார். ஒவ்வொரு வளைவிலும் ஆளைத் தூக்கிப் போடும் கடைசி சீட்டைத்தான் கொடுப்பேன். கால்வலி எனக்குத் தெரியாதா? தெரிந்துதான் கொடுக்கிறேன்.

இன்றும் வந்தார். முன்சீட்டு காலியாகத்தான் கிடந்தது. நீ இருந்திருந்தால் "போதும்லே, விட்ரு" என்றிருப்பாய். அதைச் சொல்ல நீதான் வரவேண்டும். அதுவரை அவருக்குக் கடைசி சீட்டுதான்.