ஏறாத தவணை

மார்ச் 4, செவ்வாய்

டாக்டர் எழுதச் சொல்லியிருக்கிறார். எந்த நேரத்தில் விரல் மரத்துப் போகிறது, எவ்வளவு நேரம் கழித்து உணர்ச்சி திரும்புகிறது, எந்தெந்த விரல் என்று தினமும் குறித்துக்கொண்டு வரவேண்டுமாம். மகளின் போன வருஷத்துக் கணக்கு நோட்டில் பாதிக்கு மேல் வெற்றுத்தாள் கிடந்தது. அதில் எழுதுகிறேன்.

காலை ஒன்பதரை: வலது கை மோதிர விரல், சுண்டு விரல். பத்தேகால் வரைக்கும் சுண்ணாம்பு மாதிரி வெள்ளை. டீ கிளாஸைப் பிடித்தால் சுடவில்லை.

குளிர்கிடங்கில் இது பதினெட்டாவது வருஷம். மைனஸ் இருபதில் மீன் பெட்டி, பட்டாணி மூட்டை, ஐஸ்கிரீம். நாற்பது நிமிஷம் உள்ளே, பத்து நிமிஷம் வெளியே. ஐஸ்கிரீம் அடுக்குகிறவன் வீட்டில் யாரும் ஐஸ்கிரீம் சாப்பிடுவதில்லை என்பதுதான் வேடிக்கை.

"அந்த ரூமை விட்டு வெளிய வந்துடுங்க" என்றார் டாக்டர். இன்னும் எத்தனை நாள் தாங்கும் என்று கேட்டேன். "என்கிட்ட ஏன் கேக்கறீங்க, உங்க விரல்கிட்ட கேளுங்க" என்றார். மனுஷனுக்கு நல்ல வாய்.

மார்ச் 5

வீட்டுக்கடன் தவணை பிடித்துவிட்டார்கள். 17,356. இது நூற்று எண்பதாவது. இருபது வருஷக் கடனில் பதினைந்து வருஷம் முடிந்தது. பாக்கி அறுபது.

மனைவியிடம் சொன்னேன். அஞ்சு வருஷம் பல்லைக் கடிச்சுக்கிட்டு இருந்துட்டா கடனும் முடிஞ்சிடும், நானும் அந்தக் குளிரை விட்டு வந்துடுவேன்.

"பல்லு இருக்கும். விரல் இருக்குமா?"

பிளவுஸுக்கு ஊக்கு தைத்துக்கொண்டிருந்தவள் நிமிரவே இல்லை.

மார்ச் 7

இன்று மூன்று விரல். ஐம்பது நிமிஷம்.

கண்ணாடியிடம் டாக்டர் சொன்னதைச் சொன்னேன். ஃபோர்க்லிஃப்ட் ஓட்டுகிறவன். மூக்குக்கண்ணாடி உள்ளே போனால் பனி மூடும், வெளியே வந்தால் வேர்க்கும், நாள் பூராவும் துடைத்துக்கொண்டே இருப்பான். அதனால் அந்தப் பேர். நானும் அவனும் ஒரே வருஷம்தான் வீட்டுக்கடன் வாங்கினோம். "பி.எஃப். பணம் இருக்குல்ல? மொத்தமா அடைக்க எவ்வளவு ஆகும்னு பேங்க்ல ஒரு வார்த்தை கேளுண்ணே" என்றான். இது எனக்குத் தோன்றவே இல்லை. திங்கட்கிழமை அரைநாள் லீவு சொல்லியிருக்கிறேன்.

மார்ச் 10, திங்கள்

நூற்று முப்பத்தொன்று.

மார்ச் 11

நேற்று எழுத முடியவில்லை. விரலால் இல்லை.

கடன் பிரிவில் ஒரு அம்மா. என் மகள் மாதிரியே பேனா மூடியைக் கடிக்கிறவர். பாக்கி அறுபது தவணை, இப்போதே அடைத்தால் எவ்வளவு என்று கேட்டேன். கணினியில் பார்த்தார். திரும்பவும் பார்த்தார். "அறுபது இல்ல சார், நூத்து முப்பத்தொண்ணு" என்றார். வேறு யாருடைய கணக்கையோ பார்க்கிறார் என்று நினைத்தேன். என் பேர்தான். என் பிறந்த தேதிதான்.

நான் வாங்கியது இருபது லட்சம். இதுவரை கட்டியது முப்பத்தொரு லட்சத்து இருபத்து நாலாயிரம். அதில் அசலில் கழிந்தது ஆறு லட்சத்து இருபதாயிரம். மற்றதெல்லாம் வட்டி. பாக்கி பதிமூன்று லட்சத்து எழுபத்தொன்பதாயிரம். என் பி.எஃப். பணம் அதில் மூன்றில் ஒரு பங்குகூட வராது.

"மூணாவது வருஷம் வட்டி ஏறிச்சு சார். தவணையை ஏத்தவா, வருஷத்தை நீட்டவான்னு உங்களைக் கேட்டிருக்கோம். நீங்க வருஷத்தை நீட்டச் சொல்லி கையெழுத்துப் போட்டிருக்கீங்க."

குரலில் ஒரு கடுமையும் இல்லை. தண்ணீர் வேணுமா சார் என்று கேட்டார்.

நூற்று முப்பத்தொன்று முடியும்போது எனக்கு அறுபது வயசு. அவளிடம் சொல்லவில்லை. எப்படிச் சொல்றது? எந்த வாயால சொல்றது?

மார்ச் 16, ஞாயிறு

அவளும் மகளும் கடைக்குப் போனபோது ஃபைலை எடுத்தேன். கடிதம் இருந்தது. வட்டி எட்டரையிலிருந்து பத்தாக உயர்கிறது. கீழே டிக் போட இரண்டு கட்டங்கள். முதல் கட்டம்: தவணை 19,094 ஆகும், காலம் மாறாது. இரண்டாவது கட்டம்: தவணை மாறாது, காலம் நீளும். இரண்டாவதில் என் பேனாவால் பெரிய டிக். அந்த டிக்கில் எவ்வளவு சந்தோஷம். வால் மேல்விளிம்பு வரைக்கும் போயிருக்கிறது.

இரண்டாம் பக்கத்தில் தெளிவாகப் போட்டிருக்கிறார்கள்: மொத்தத் தவணை 311. இருநூற்று நாற்பது இருந்த இடத்தில். அந்தப் பக்கத்தை நான் திருப்பியே பார்க்கவில்லை. வருஷா வருஷம் வந்த கவர்களில் பாதியைக் கிழிக்கக்கூட இல்லை. தவணை ஏறினால்தானே கவலை? ஏறவில்லையே.

மகள் அப்போது ஆறு மாதக் குழந்தை. மனைவி துணிக்கடை வேலையை விட்டிருந்தாள். பால் பவுடர் டப்பா வாங்கும்போதெல்லாம் இருவரும் விலையைத்தான் முதலில் பார்ப்போம். மாசம் ஆயிரத்து எழுநூற்று முப்பத்தெட்டு கூடக் கட்டியிருந்தால் இன்று அறுபதுதான் மிச்சம். கட்டியிருக்க முடியுமா? கஷ்டப்பட்டிருப்போம். கட்டியிருப்போம்.

கண்ணாடி கட்டினான். பைக்கை விற்றுவிட்டு இரண்டு வருஷம் பஸ்ஸில் வந்தான். நான் அவனைச் சும்மா விட்டேனா? "எனக்கு ஏத்தலையே. ஆள் முகத்தைப் பார்த்துத்தான் ஏத்துவாங்க போல." கேண்டீனில் எல்லோரும் சிரித்தார்கள். அவனும் சிரித்தான்.

மார்ச் 22

மகளிடம் ஒரு கணக்கு கொடுத்தேன்: ஒருத்தர் இருபது லட்சம் கடன் வாங்கி, 17,356 வீதம் 311 தவணை கட்டினால் மொத்தம் எவ்வளவு. ஃபோனில் தட்டிச் சொன்னாள்.

"அம்பத்து நாலு லட்சத்துக்குக் கொஞ்சம் கம்மிப்பா. இருபது லட்சம் வாங்கிட்டு அம்பத்து நாலா கட்டுவாங்க? யாருப்பா அவரு?"

"வேலை செய்யற எடத்துல ஒருத்தர்."

"பாவம்ப்பா. அவருக்கு யாரும் சொல்லலையா?"

"சொன்னாங்களாம். ரெண்டாம் பக்கத்துல."

அவள் அடுத்த கணக்குக்குப் போய்விட்டாள்.

ஏப்ரல் 5

17,356. பாக்கி நூற்று முப்பது. "அம்பத்தொம்பது" என்றாள் அவள், காலண்டரைப் பார்த்து, சந்தோஷமாக. ஆமாம் என்றேன். ஆமாம்னு சொன்னேன். என்ன மனுஷன்டா நான்.

ஏப்ரல் 17

வலது கையில் நான்கு, இடது கையில் இரண்டு. ஒரு மணி நேரம் ஆகியும் திரும்பவில்லை. டாக்டரிடம் போகவில்லை. போனால் வெளிய வா என்பார். வெளிய வந்தா மாசம் ஏழாயிரத்து இருநூறு குளிர்ப் படி போச்சு. தவணைக்கு எங்கே போவேன்?

மே 2, வெள்ளி

பெட்டியின் தகரப் பட்டை கிழித்திருக்கிறது. எனக்குத் தெரியவில்லை. வெளியே வந்து கையுறையைக் கழற்றினால் உள்ளே சொதசொதவென்று ரத்தம். நான் வேர்வை என்று நினைத்தேன். கண்ணாடிதான் பார்த்துக் கத்தினான். ஏழு தையல். போடும்போதும் வலிக்கவில்லை. மருந்து போட்டதால் வலிக்கவில்லை என்று நர்ஸ் நினைத்துக்கொண்டார். மருந்து போடும் ஊசியே எனக்கு வலிக்கவில்லை.

கட்டோடு வீட்டுக்கு வந்தேன். அவள் கையைப் பிடித்துக்கொண்டு நின்றாள். அவள் பிடித்திருப்பது கண்ணால் பார்த்துத்தான் தெரிந்தது. அதற்கு மேல் முடியவில்லை. எல்லாவற்றையும் சொல்லிவிட்டேன். இடது கையால் எழுதுகிறேன், எழுத்தெல்லாம் கோணல்.

மே 4

பேசவில்லை. சாப்பாடு வைக்கிறாள், மருந்து எடுத்துத் தருகிறாள், பேசவில்லை.

மே 6

பேசினாள்.

"கடன் நீண்டுச்சு, சரி. நீங்க ரெண்டு மாசமா எங்கிட்ட மறைச்சீங்க பாருங்க. நான் அம்பத்தொம்பதுன்னு சொன்னப்ப தலையாட்டினீங்க."

தப்புதான் என்றேன்.

"இன்னொண்ணும் சொல்லணும். அன்னிக்கு நீங்க டிக் போடும்போது நான் கேட்டேன். எத்தனை மாசம் கூடும்னு. பாப்பாவைத் தோள்ல போட்டுக்கிட்டு நின்னேன். என்னா, ரெண்டு மூணு மாசம் கூடும்னீங்க. நீ பெரிய கணக்குப்புள்ளையான்னு வேற கேட்டீங்க."

எனக்கு அது ஞாபகத்தில் இல்லை. எவ்வளவு யோசித்தும் வரவில்லை. ஆனால் சொல்லியிருப்பேன். அது என் பேச்சுதான், என் வாய்தான். கேட்டவள் அவள் ஒருத்திதான், அவளைக் கிண்டல் பண்ணி உட்கார வைத்துவிட்டேன். இரண்டாம் பக்கத்தைத் திருப்ப ஒரு நிமிஷம் ஆகியிருக்குமா?

மே 25

வீட்டை விற்றுவிடலாம் என்றேன். அவள் சம்மதிக்கவில்லை.

"வாடகைக்கு விடுவோம். நாம ரெண்டு ரூம் பார்த்துப் போவோம்."

நம்ம வீட்ல வேற ஆளா என்றேன்.

"வீடு ஓடிப் போயிடாது. விரலு போச்சுன்னா போனதுதான்."

சொல்லிவிட்டு எழுந்து போய்ச் சமையலறை மேடையைத் துடைத்தாள். ஏற்கெனவே துடைத்த மேடை. அந்தக் கருப்புக் கல்லைத் தேடி ஏழு கடை ஏறி இறங்கினோம். வீட்டில் அவள் ஆசையாகக் கேட்டு வாங்கியது அது ஒன்றுதான்.

ஜூன் 19

கிடங்கின் கேட்டில் வண்டி எண் பதிகிற வேலை தந்திருக்கிறார்கள், அடுத்த மாசத்திலிருந்து. குளிர்ப் படி கிடையாது. கண்ணாடிதான் மேனேஜரிடம் மூன்று தடவை போய் நின்றிருக்கிறான். கேண்டீனில் அன்று சொன்னதற்கு மன்னிப்புக் கேட்டேன். எதுக்குண்ணே என்றான். அவனுக்கு மறக்கவில்லை, முகத்தைப் பார்த்தால் தெரிந்தது.

ஜூலை 8

அதே வங்கி, அதே அம்மா. இந்தத் தடவை அவளையும் அழைத்துப் போனேன்.

வீட்டுக்கு வாடகை 15,500 வரும். நாங்கள் கொடுக்கப்போகும் வாடகை 6,500. மிச்சம் ஒன்பதாயிரத்தில் ஏழாயிரத்து இருநூறு குளிர்ப் படிப் பள்ளத்துக்கே சரி. நிற்பது ஆயிரத்து எண்ணூறு. அதைக் கொண்டு தவணையை 19,100 ஆக்கச் சொன்னோம்.

அந்த அம்மா தட்டிப் பார்த்துச் சொன்னார்: பாக்கி நூற்று இருபத்தேழு, இனி நூற்று எட்டு ஆகும்.

பத்தொன்பது மாசம் குறைகிறது. ஏறக்குறைய இதே தொகையை அன்றைக்கு ஏற்றியிருந்தால் எழுபத்தொரு மாசம் குறைந்திருக்கும். "ஆரம்பத்துல கட்டினாத்தான் அசல் கரையும் சார். இப்ப கொஞ்சம் லேட்டு" என்றார், தன் தப்பு மாதிரி.

அவள் தாளை வாங்கி முதலில் இரண்டாம் பக்கத்தைப் படித்தாள். ஒவ்வொரு வரியாக, விரல் வைத்து. எத்தனை மாசம், எந்தத் தேதி, வட்டி மறுபடி ஏறினால் என்ன ஆகும் என்று எல்லாம் கேட்டாள். பிறகுதான் என்னிடம் பேனாவைக் கொடுத்தாள். எனக்கு அங்கேயே எங்காவது போய் ஒளிந்துகொள்ளலாம் போலிருந்தது.

ஆகஸ்ட் 3, ஞாயிறு

மாறிவிட்டோம். துணிக்கடைக்குப் பின்னால் இரண்டு அறை. பீரோ கதவு முழுசாகத் திறக்காது, கட்டில் இடிக்கிறது. மகளுக்குத் தனி இடம் இல்லை. "அந்தக் கணக்கு நம்மளுதாப்பா?" என்று மட்டும் கேட்டாள். ஆமாம் என்றேன். தலையை ஆட்டிவிட்டுப் புத்தகங்களைக் கட்டிலுக்கு அடியில் அடுக்கினாள்.

ஆகஸ்ட் 5

19,100. பாக்கி நூற்று ஏழு.

செப்டம்பர் 11

டாக்டர் இந்த நோட்டை முழுக்கப் புரட்டிப் பார்த்தார். வெளுப்பது நின்றுவிட்டது. இரண்டு விரல் நுனியில் உணர்ச்சி திரும்பாது, மற்றதைக் காப்பாற்றிவிட்டோம் என்றார். நடுவில் சில பக்கங்களில் கொஞ்ச நேரம் நின்றார். "நான் விரலைப் பத்தி மட்டும்தான எழுதச் சொன்னேன்" என்றார். இனிமேல் எழுதவேண்டாம் என்றும் சொன்னார்.

அக்டோபர் 12, ஞாயிறு

எழுதவேண்டாம் என்றார்தான். இன்று எழுதத் தோன்றுகிறது.

குளியலறைத் தாழ்ப்பாள் கழன்றுவிட்டதாக வாடகைக்கு இருக்கிறவர் ஃபோன் செய்தார். போனேன். வாசலில் நின்று பெல்லை அமுக்கினேன். அந்த பெல்லை நானே வாங்கி, நானே ஏணி போட்டு மாட்டினேன். வெளியாள் மாதிரி நின்று அமுக்கியது இதுதான் முதல் தடவை. அவர்கள் வீட்டுச் சின்னப் பெண் கதவைத் திறந்து என்னைப் பார்த்துவிட்டு உள்ளே கத்தினாள்.

"அம்மா, ஹவுஸ் ஓனர் வந்திருக்காரு."

பதினைந்து வருஷம் உள்ளே இருந்தேன், யாரும் அப்படிக் கூப்பிட்டதில்லை. செருப்பை எங்கே விடுவது என்று தெரியாமல் கொஞ்ச நேரம் நின்றேன்.

தாழ்ப்பாளின் சின்னத் திருகாணி விரலில் நிற்கவில்லை. மூன்று தடவை கீழே விழுந்தது. "கொடுங்க சார், நான் பார்த்துக்கறேன்" என்று அவரே வாங்கி முடுக்கினார். நல்ல மனுஷர்கள். காபி கொடுத்தார்கள், குடித்தேன்.

திரும்பி வந்து அவளிடம் சொன்னேன், என்னை ஓனர் என்கிறார்கள் என்று. எத்தனையோ மாசத்துக்குப் பிறகு சிரித்தாள்.

"இன்னும் நூத்தஞ்சு மாசம் போகட்டும், அப்புறமா கூப்பிடச் சொல்லுங்க."

நானும் சிரித்தேன். கத்தரித்துக்கொண்டிருந்த துணியைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டாள், சமையலறையைச் சுத்தமாக வைத்திருக்கிறார்களா என்று.

சுத்தமாகத்தான் வைத்திருக்கிறார்கள், கல் பளபளவென்று இருக்கிறது என்றேன். அதற்குத்தான் அழுதாள்.