வெள்ளிக்கிழமைக்குள் பதில்

அன்பு மகளுக்கு, அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் உடம்பளவில் சுகம், நீ எப்படி இருக்கிறாய் என்பதற்கு மட்டும் இந்த முறை உண்மையான பதில் வேண்டும். போன் இருக்கக் காகிதம் எதற்கு என்று கேட்பாய், படித்தால் புரியும். மாமா இதை உன் பத்திரிகை அலுவலகத்தில் கொண்டுவந்து தருவார், அறைக்கு வர வேண்டாம் என்று சொல்லியிருக்கிறேன்.

செவ்வாய்க்கிழமை மதியம் இரண்டு பேர் காரில் வந்தார்கள். நான் பல் டாக்டரிடம் போயிருந்தேன். பத்திரிகை விஷயமாக வந்திருக்கிறோம் என்றார்களாம், உன் அம்மாவுக்கு அது போதாதா, உன்னோடு வேலை பார்ப்பவர்கள் என்று நினைத்து டீ போட்டுக் கொடுத்து, உன் பள்ளிக்கூட போட்டோவெல்லாம் காட்டி, நீ புதிதாக மாறிய அறையின் விலாசத்தையும் சொல்லிவிட்டாள், எந்த பஸ்ஸில் போவாய் என்பது உட்பட. நான் உள்ளே வந்ததும் மூத்தவர் எழுந்து கும்பிட்டார், சட்டைப்பையிலிருந்து ஒரு தாளை எடுத்தார். அமைச்சரின் மருமகன் காலாவதியான மாத்திரைக்குப் புதுத் தேதி ஒட்டி ஆஸ்பத்திரிக்கு விற்றதைப் பற்றி அவருக்கே நீ அனுப்பிய கேள்விகள். செய்தி போடுமுன் எதிர்த்தரப்பையும் கேட்பதுதான் நியாயம் என்று நீதானே பெருமையடிப்பாய். உங்க பொண்ணு வெள்ளிக்கிழமைக்குள்ள பதில் கேட்டிருக்கு, நேர்லயே சொல்லிட்டுப் போலாம்னு வந்தோம் என்றார். பின்கதவுத் தாழ்ப்பாள் லூசா இருக்கு சார், போன்லயும் கொஞ்சம் பார்த்துப் பேசுங்க என்றார். அவ்வளவுதான், போய்விட்டார்கள். சமையலறைப் பக்கமே அவர்கள் வரவில்லை என்கிறாள் அம்மா. பின்கதவை எப்போது பார்த்தார்களோ தெரியவில்லை.

எதிர்வீட்டு டெய்லர், என்ன சார், இப்பல்லாம் பணக் கவரை வீட்டுக்கே கார்ல கொண்டாந்து குடுக்குறாங்களா, பேப்பர்காரங்கன்னா சும்மாவா என்று சிரித்தார். அவர் மனைவி சாப்பிடுவது அதே ஆஸ்பத்திரி மாத்திரை. எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது, கதவைச் சாத்திவிட்டு உள்ளே வந்தேன். அம்மா கழுவிய கப்பையே திரும்பக் கழுவிக்கொண்டு, என் வாயாலயே பிள்ளையைக் காட்டிக் குடுத்துட்டேனே என்று அழுகிறாள், அவளைத் திட்டிவிடாதே.

எழுதாதே என்று சொல்லத்தான் பேனாவை எடுத்தேன். பயமாக இருக்கிறதம்மா. ஆனால் நீ பதில் கேட்டாய், அவர்கள் சொல்லிவிட்டார்கள். கும்பிட்டது, தாழ்ப்பாளைச் சொன்னது எல்லாம் மேலே வார்த்தை மாறாமல் இருக்கிறது. செய்தியில் அதையும் சேர்த்துப் போடு, இதை உனக்குச் சொன்னது யார் என்று என் பெயரையும் போடு.

இன்றே அறையை மாற்று, அந்த பஸ்ஸில் ஏறாதே. தீர்க்காயுசாக இரு. எப்போதும் இதைக் கை வழக்கத்தில் எழுதுவேன், இன்று வேண்டிக்கொண்டு எழுதுகிறேன்.

உன் அப்பா