சேவாகாலத்தில் கிளி

கார்த்திகை, ஏகாதசி இரவு.

மாலை எங்கள் வீட்டுச் சேவாகாலத்தில் கோஷ்டியாகப் பாசுரம் ஓதிச் சேவித்தபோது, கூண்டிலிருந்த என் கிளி அலகை மெல்ல அரைத்தது. மனநிறைவோடு உறங்கப்போகும் கிளி அப்படித்தான் அரைக்கும். கோஷ்டித் தலைவர் நகைத்தார்: "என்ன ஓய், உம்ம கிளி பல்லைக் கடிக்கறதே! நம்ம குரல் பிடிக்கலையோ?"

நகைத்ததோடு நில்லாமல் அலகைச் சுண்டினார். கிளி இறகை ஒடுக்கி, கண்மணி சுருங்க, வாய் பிளந்து எச்சரித்தது. மீண்டும் சுண்டினார்; கிளி விரலைக் கடித்துவிட்டது.

"கடிக்கற பிராணிக்குப் பெருமாள் முன்னாடி என்ன வேலை? அனுப்பிடும். இல்லேன்னா கோஷ்டி இங்க வராது."

ஒரகடம் தொழிற்சாலை ஷிப்டுக்குக் கிளம்பிய என் மகனும், "பெரியவா சொல்றா, குடுத்துடலாம்ப்பா" என்றான்.

உறங்க முனைந்த உயிரைச் சீண்டியவர், கிளி அபசாரம் செய்ததுபோலப் பேசுகிறார்! நெஞ்சு இன்னும் கொதிக்கிறது. கோஷ்டி வேறு வீடு பார்த்துக்கொள்ளட்டும். நான் தனியாகச் சேவிப்பேன், கிளி கேட்கும்.