புத்தகத்தில் ஓவியர் நீங்கள்தான்

அன்புள்ள அப்பாவுக்கு,

நான் சுகம். உங்கள் முழங்கால் நோ குறைந்ததா? இருமலோடு அம்மாவை முற்றம் கூட்ட விடாதீர்கள்.

இங்கே பிரான்சில் வேலை செய்யும் இளம் ஓவியர்களின் வாழ்க்கையைப் பற்றி ஒரு புத்தகம் வந்திருக்கிறது. எனக்கும் ஓர் அத்தியாயம். அதில் ஒரு பகிடி. இந்த ஊரில் ஆளின் கடைசிப் பெயரைத்தான் எழுதுவார்கள்; என் கடைசிப் பெயர் உங்கள் பெயர்தானே. அதனால், "ஆனந்தராசா பாலையூற்றில் பிறந்தார். ஆனந்தராசா சிறுவயதிலேயே துறைமுகத்தை வரைந்தார்" என்று அத்தியாயம் முழுக்க நீங்கள்தான் ஓவியர். "படம் கீறிச் சீவிக்க ஏலாது பிள்ளை" என்று என் வர்ணப்பெட்டியை அலுமாரிக்குள் பூட்டிய அதே ஆனந்தராசா!

அடுத்த பதிப்பில் என் பெயருக்கு மாற்றவா என்று கேட்டார்கள். வேண்டாம் என்றேன். பூட்டிய பிறகும் ஞாயிறுகளில் துறைமுகம் பார்க்க என்னைச் சைக்கிளில் ஏற்றிப் போனவர் நீங்கள்தானே.

புத்தகத்தைத் தபாலில் போட்டிருக்கிறேன். யாராவது இங்கே வந்தால் மிளகாய்த்தூள் கொடுத்துவிடுங்கள். இன்னொன்று. நான் படிப்பிக்கும் பள்ளிக்கூடத்திலும் எல்லோரும் என்னை உங்கள் பெயரால்தான் கூப்பிடுகிறார்கள். அடுத்த முறை போனில் கோல் எடுக்கும்போது, கதைக்கத் தொடங்க முதல் என் பெயரை ஒருக்கால் சொல்லிக் கூப்பிடுங்கள், அப்பா.

பஸ் வருகிறது, முடிக்கிறேன்.

உங்கள் மகள்
கௌசிகா